பெரிய வீட்டுச் சங்கிலியில் எங்கள் பூட்டு

ஆரணியிலிருந்து தேவிகாபுரம் போகிற சாலையில், எங்கள் ஊர் பஸ் நிறுத்தத்துக்கு எதிரில் ஒரு வீடு இருக்கிறது. ஊரில் அதற்குப் பெயரே பெரிய வீடுதான். ரைஸ் மில்லிலும் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை எண்ணெய் வியாபாரத்திலும் கொழித்த ஒருவர், தன் ஐந்து பிள்ளைகளும் ஒரே கூரையின் கீழ் வாழ வேண்டும் என்று அந்தக் காலத்தில் கட்டியது. முகப்பில் சுதையில் லட்சுமி உட்கார்ந்திருக்கிறாள். அவளுக்கு இரண்டு பக்கமும் துப்பாக்கி பிடித்த வெள்ளைக்காரச் சிப்பாய்கள். லட்சுமிக்கு எதற்கு வெள்ளைக்காரன் காவல் என்று பஸ்ஸுக்கு நின்றுகொண்டு நான் பலமுறை யோசித்திருக்கிறேன். கட்டியவர் விவரமான ஆள். சாமியையும் நம்பினார், சர்க்காரையும் நம்பினார்.

ஐந்து பிள்ளைகளும் ஒரே கூரையின் கீழ் இருந்தார்கள், அப்பன் கண் மூடும்வரை. அப்புறம் அவரவர் வாரிசுகள் ஆரணி, வேலூர், சென்னை, பெங்களூர் என்று போய்விட்டார்கள். இப்போது அங்கே யாரும் குடியில்லை. பங்குக்கு ஓர் அறை. கூடம், முற்றம், பூஜை அறை, தெருவாசல் எல்லாம் பொது. ஆடியிலும் பொங்கலுக்கும் வந்து குலதெய்வத்துக்குப் படைத்துவிட்டுப் போவார்கள்.

தெருவாசலுக்கு ஒரே பூட்டு போட்டால் சாவி யாரிடம் இருப்பது? அதற்கு அவர்கள் ஓர் ஏற்பாடு செய்திருந்தார்கள். கதவின் இரண்டு வளையங்களிலும் கோத்து ஓர் இரும்புச் சங்கிலி. அதன் இரண்டு முனைகளையும் ஐந்து பூட்டுகள் கைகோத்த மாதிரி இணைத்துப் பிடித்திருக்கும். ஒரு பூட்டின் வளைவுக்குள் அடுத்த பூட்டு, அதற்குள் அதற்கடுத்தது. ஐந்தில் எந்த ஒன்றைத் திறந்தாலும் சங்கிலி விட்டுவிடும், கதவு திறந்துவிடும். யாரும் யாரையும் கேட்க வேண்டாம், யாரும் யாரையும் நம்பவும் வேண்டாம். பங்காளிகளுக்கு இதைவிடத் தோதான ஏற்பாடு வேறு கிடையாது.

அந்த வீட்டைக் கட்டின குடும்பம் என்றால் ஊரில் இந்தப் பங்காளிகளைத்தான் சொல்வார்கள். என் அம்மாவுக்கு அது ஆகாது. "பணம் போட்டது அவுங்க. சுண்ணாம்பு அரைச்சது யாரு, கல்லு தூக்கினது யாரு? நம்ம காலனியே அங்கதான கெடந்துது? அப்போ நாமளும்தான கட்டினோம்?" என்பாள்.

அப்பா சிரிப்பார். "அப்பிடிப் பாத்தா திருவண்ணாமலை கலெக்டர் ஆபீசும் நம்மளுதுதான். போயி ஒரு ரூம்பு கேளு, குடுக்கிறானான்னு பாப்போம்."

என் தாத்தா அந்த வீட்டு மாட்டுக் கொட்டகையில் வேலை செய்தவர். அப்பாவும் சிறு வயதில் கூடப் போய்ச் சாணி அள்ளியிருக்கிறார். போகிற வழி பின்பக்கம். பக்கத்துச் சந்தில் நுழைந்து, சாக்கடையைத் தாண்டி, கருவேல முள் ஓரமாகப் போக வேண்டும். தாத்தா சாகிறவரை தெருவாசல் படியில் கால் வைத்ததில்லை. அப்பா ஐ.டி.ஐ. படித்து, செய்யாரில் ஒரு ஷூ கம்பெனியில் சேர்ந்து, இன்று அங்கே சூப்பர்வைசர். கம்பெனி பஸ் வந்து நிற்பது பெரிய வீட்டுக்கு நேர் எதிரில். வருஷக்கணக்காக அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டுதான் அவர் வேலைக்குப் போயிருக்கிறார்.

மூன்றாவது பங்குக்காரர் சென்னையில் இருந்தார். தன் பங்கை விற்க நினைத்து மற்ற நாலு பேரிடமும் கேட்டார். வாங்கிக்கொள்கிறோம் என்றும் சொல்லாமல், வேண்டாம் என்றும் சொல்லாமல் இழுத்தடித்தார்கள். வெறுத்துப்போனவர் ஒருநாள் பஸ் நிறுத்தத்தில் அப்பாவைப் பார்த்து, "நீ வாங்கிக்கிறியா?" என்று கேட்டார். இரண்டு பேரும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்தவர்கள். விளையாட்டாகக் கேட்டாரா, வீம்புக்குக் கேட்டாரா தெரியாது. அப்பா விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை.

எனக்குக் கோபம் சட்டென்று வரும். நான் ஆரணியில் ஒரு ரத்தப் பரிசோதனை லேப்பில் வேலை பார்க்கிறேன்; அங்கேயும் கோபக்காரி என்றுதான் எனக்குப் பெயர். அன்றைக்கு வீட்டில் கத்தினேன். "இடிஞ்சி விழப்போற வூட்ல அஞ்சுல ஒரு பங்கா? புத்தி கெட்டுப்போச்சா உங்களுக்கு? அந்தக் காசுக்கு ஆரணியிலயே ஒரு மனை வாங்கலாம்!"

அப்பா தட்டிலிருந்து நிமிரவில்லை. "அந்தத் தெருவாசல் வழியா நான் உள்ள போவணும் பாப்பா. எங்கப்பன் போவாத வாசல். கெஞ்சிக் கேட்டுப் போறது இல்ல. என் சாவியப் போட்டுத் தொறந்துகினு போவணும்."

அம்மா கழுத்திலிருந்ததைக் கழற்றி மேஜைமேல் வைத்தாள். பத்திரம் பதிவானது. சென்னைக்காரர் சாவியைக் கொடுத்து, "நடுவுல இருக்கிற பித்தளைப் பூட்டு எங்களுது. இனிமே உங்களுது" என்றார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அப்பா தலைக்குக் குளித்து வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டார். அம்மா தாம்பாளத்தில் தேங்காயும் கற்பூரமும் எடுத்துக்கொண்டாள். மூவரும் படியேறினோம். சங்கிலியில் பித்தளைப் பூட்டைக் காணோம்.

அப்பா ஒவ்வொரு பூட்டாகத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். எதிரே டீக்கடைக்காரர் கொஞ்ச நேரம் வேடிக்கை பார்த்துவிட்டு, மனசு கேட்காமல் சொன்னார்: "அத்த அன்னிக்கே பின்னாடி கொண்டுபோயி மாட்டிட்டாங்கண்ணா."

சந்தில் சுற்றிக்கொண்டு போனோம். கொட்டகைப் பக்கத்துக் கதவில் எங்கள் பூட்டு தொங்கியது. எண்ணெய் போட்டுத் துடைத்துப் பாந்தமாக மாட்டியிருந்தார்கள். அப்பா சாவியைப் போட்டார். திறந்தது. மறுபடியும் பூட்டினார். உள்ளே காலெடுத்து வைக்கவில்லை.

"வாங்க போலாம்" என்றார். அந்தத் தேங்காயை அம்மா மறுநாள் சட்னி அரைத்தாள். அரைத்த வேகத்தைப் பார்த்து நான் அந்தப் பக்கமே போகவில்லை.

மாட்டியது யார் என்று கேட்டு அலைய வேண்டியிருக்கவில்லை. தொலைந்தால் உதவும் என்று ஐந்து பூட்டுகளுக்கும் மாற்றுச் சாவி மூத்த பங்குக்காரர் வீட்டு ஆணியில்தான் தொங்கும். சர்க்கார் உத்தியோகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர், ஆரணியில் தனி வீடு. எல்லோரும் பெரியவர் என்றுதான் சொல்வார்கள். அவரைப் பார்க்க அப்பா போனபோது நானும் கூடப் போனேன். பங்காளிகளில் கடைசித் தம்பியின் மனைவியும் அங்கே இருந்தார். புருஷனை இழந்தவர், ஆரணியில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். அவருக்கும் பெரியவருக்கும் எவர்சில்வர் டம்ளரில் காபி வந்தது. எங்கள் இரண்டு பேருக்கும் காகிதக் கப்பில் வந்தது. வீட்டில் டம்ளருக்கு அப்படி என்ன பஞ்சமோ!

பெரியவர் கெட்டவர் இல்லை. அதையும் சொல்லிவிட வேண்டும். வருஷா வருஷம் மழைக்கு முன்னால் தன் கைக்காசைப் போட்டு ஓடு மாற்றுகிறவர் அவர் ஒருவர்தான். மற்றவர்கள் தங்கள் அறைக்குமேல் ஒழுகினால்கூட அவருக்குத்தான் போன் போடுவார்கள். எங்களிடமும் அவர் குரல் உயர்த்திப் பேசவில்லை.

"தப்பா நெனைக்காதீங்க" என்றார். "உங்க ரூமு பின்கட்டுல இருக்கு. அந்த வாசல்தான் உங்களுக்குக் கிட்டக்க, வண்டி நிறுத்தவும் வசதி. முன்னாடி பூஜை ரூமு இருக்கு, லேடீஸ் வந்து போற இடம். கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கங்க. பின்வாசல்ல போனா இன்னா கொறைஞ்சிடப் போவுது?"

டீச்சர் டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் காகிதக் கப்பைக் கீழே வைத்தேன். "கொறையாதுன்னா நீங்க அந்த வழியா போங்களேன் சார்" என்றேன். அப்பா என் கையை அழுத்தினார். காபியை முழுசாகக் குடித்துவிட்டு, "வர்றோம் சார்" என்று எழுந்துகொண்டார்.

வெளியே வந்து ஸ்கூட்டியை எடுக்கும்போது அழுகையும் ஆத்திரமுமாக நான் பொரிந்தேன். போலீஸுக்குப் போவோம், சட்டம் இருக்கிறது, வக்கீல் இருக்கிறார், ஒரே வாரத்தில் முன்வாசலில் பூட்டை மாட்டிக் காட்டுகிறேன் என்றேன். அப்பா நிதானமாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "போலீசு கூட்டினுபோயி உள்ள வுடும். வுட்டுட்டுப் போயிடும். அப்பால அந்தக் கூடத்துல நான் யார்கூட உக்கார்றது?"

"அப்போ பின்வாசல்லயே போவப்போறீங்களா?"

"செத்தாலும் மாட்டேன்."

இப்படி ஒரு மனுஷனை வைத்துக்கொண்டு என்ன செய்வது! சண்டையும் போடமாட்டார், விட்டும் கொடுக்கமாட்டார். மாதங்கள் ஓடின. எங்கள் அறை தூசி படிந்து கிடந்தது. கம்பெனி பஸ்ஸில் கிண்டல் வேறு. "இன்னா ஜமீன்தாரே, அரண்மனைய வுட்டுட்டு ஷூ ஒட்ட வந்துகினு கீறீங்க?" என்பார்களாம். அப்பாவும் சேர்ந்து சிரிப்பாராம். சாவி மட்டும் எப்போதும் அவர் சட்டைப்பையில் இருந்தது. துணி துவைக்கும்போது அம்மா அதை எடுத்து வைப்பாள், காலையில் அவர் மறக்காமல் கேட்டு வாங்கிக்கொள்வார்.

ஆடி வெள்ளி வந்தது. எங்கள் தெரு அம்மனுக்குக் கூழ் ஊற்றுகிற நாள் என்பதால் நான் லீவு போட்டிருந்தேன். அப்பாவுக்கு இரண்டாம் ஷிப்ட். காலையில் அம்மா கூழ்ப்பானையைக் கிளறிக்கொண்டிருக்கும்போது, எங்கள் தெருவில் ஒரு ஆட்டோ வந்து நின்றது. அதிலிருந்து டீச்சர் இறங்கினார். அரக்கு நிறப் பட்டுப்புடவை, தலை நிறையப் பூ இல்லையே தவிர, மற்றபடி விசேஷக் கோலம். பெரிய வீட்டிலிருந்து ஒருவர் எங்கள் தெருவுக்குள் வந்ததை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. தெருவே அடங்கிப்போய்ப் பார்த்தது.

அம்மா கையைத் துடைத்துக்கொண்டு, "வாங்க, உள்ள வந்து உக்காருங்க" என்றாள். டீச்சர் தயங்காமல் உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். தண்ணீர் கொடுத்தேன், குடித்தார். அப்புறம்தான் விஷயத்தைச் சொன்னார்.

மூன்று குடும்பம் குலதெய்வத்துக்குப் படைக்க வந்திருக்கிறது. தெருவாசல் திறக்கவில்லை. டீச்சர் தன் பூட்டைத் திறந்தார், சங்கிலி விடவில்லை. வேலூர்க்காரர் திறந்தார், விடவில்லை. பெங்களூர்க்காரர் திறந்தார், அப்போதும் விடவில்லை. எங்கள் பூட்டைக் கழற்றிய அன்றைக்குப் பெரியவர் இடைவெளியைச் சேர்க்கிறபோது, பூட்டோடு பூட்டைக் கோக்காமல், சங்கிலியின் இரண்டு முனைகளையும் பிடித்துத் தன் பூட்டை நேராகப் போட்டுவிட்டார். மற்ற மூன்றும் சங்கிலியில் சும்மா தொங்குகின்றன. பெரியவரோ மகனைப் பார்க்க அமெரிக்கா போயிருக்கிறார். அவர் சாவியும் ஆணியில் தொங்குகிற சாவிகளும் பூட்டிய வீட்டுக்குள்.

"வேணும்னு பண்ணியிருக்க மாட்டாருங்க. கண்ணு சரியா தெரியாது அவருக்கு" என்றார் டீச்சர். "பத்தரைக்கு ராகு காலம் வந்துடும். இப்ப தொறக்கிற கதவு பின்கதவு ஒண்ணுதான். அதுக்குச் சாவி உங்ககிட்டதான் இருக்கு."

கடவுள் இருக்கிறாரோ இல்லையோ, அன்றைக்குக் கூழ் குடிக்க எங்கள் தெருப் பக்கம் வந்திருந்தார். எனக்குச் சிரிப்பு பொங்கியது. "குடுக்காதீங்கப்பா. அவுங்க போட்ட பூட்டுக்கு அவுங்க சாமி பட்டினி கெடக்கட்டும்" என்றேன்.

"வாய மூடு. சாமி இன்னா பண்ணுச்சி?" என்றார் அப்பா. அதற்குள் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார். அம்மா கூழைப் பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் ஒப்படைத்துவிட்டு, "இரு, நானும் வர்றேன்" என்று கிளம்பினாள். இதை எல்லாம் பார்க்காமல் விட்டால் அவளுக்குத் தூக்கம் வராது.

சந்தில் ஊர்வலம் போனது. முன்னால் அப்பா, பின்னால் பட்டுப்புடவைகள். ஒருத்தர் பொங்கல் பானை, ஒருத்தர் பூக்கூடை. சாக்கடை ஓரம் வந்ததும் எல்லோரும் புடவையைத் தூக்கிப் பிடித்தார்கள். பெங்களூர்க்காரரின் மனைவிக்கு முந்தானையில் முள் மாட்டிக்கொண்டது. "ஐயோ, இந்த வழியாவா போவணும்? அசிங்கமா இருக்கே" என்றார். அம்மா குனிந்து முள்ளை எடுத்துவிட்டு, "பாத்து வாங்க, அங்க ஒரு பள்ளம் கீது" என்றாள். கேலியாகச் சொல்லவில்லை. எனக்கே ஆச்சரியம்.

அப்பா பூட்டைத் திறந்து கதவைத் தள்ளிவிட்டு ஒதுங்கி நின்றார். யாரும் உள்ளே நுழையவில்லை. சாமிப் பானையை மாட்டுக் கொட்டகை வழியாக எடுத்துப் போவதா என்று முணுமுணுப்பு எழுந்தது. வேலூர்க்காரர் பெரியவருக்கே போன் போட்டு, எல்லோரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் வைத்தார். விஷயத்தைக் கேட்டுவிட்டுப் பெரியவர் சொன்னார்:

"அடடா, என் தப்புதான். அதுக்கு இப்ப இன்னா? கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கங்க. பின்வாசல்ல போனா இன்னா கொறைஞ்சிடப் போவுது?"

நான் அப்பாவைப் பார்த்தேன். அப்பா தரையைப் பார்த்தார். டீச்சர் சேறு ஒட்டிய தன் புடவைக் கரையைப் பார்த்துவிட்டுப் போனைக் கையில் வாங்கினார்.

"மாமா, இவர்கிட்டயும் அன்னிக்கு இதான் சொன்னீங்க. நானும் பேசாம காபி குடிச்சிகினு இருந்தேன். இங்க வந்து நின்னாதான் தெரியுது மாமா. கொறையுது."

டீச்சர் போனை இன்னும் கிட்டத்தில் பிடித்துக்கொண்டார்.

"உங்க தம்பி போனப்ப என்கிட்ட கேட்டீங்க, இனிமே உனக்கு எதுக்கும்மா அந்தச் சாவின்னு. நான் குடுக்கல. குடுத்திருந்தா நானும் இந்தப் பக்கம்தான் வந்துகினு இருந்திருப்பேன். உங்க பூட்ட அறுக்கச் சொல்லப்போறேன். வந்து என்னைத் திட்டுங்க."

போனை வைத்துவிட்டார். வேலூர்க்காரர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். மணியைப் பார்த்தார். "சரி, ஜல்தியா ஆளக் கூப்பிடுங்க" என்றார்.

வெல்டிங் கடைக்காரர் கட்டிங் மிஷினோடு வந்தார். தீப்பொறி பறந்தது, பெரியவர் பூட்டு இரண்டு துண்டாகப் படியில் விழுந்தது. சங்கிலி சரசரவென்று இறங்கியது. டீச்சர் அப்பா பக்கம் திரும்பி, "இன்னும் எதுக்கு நின்னுகினு கீறீங்க? வாங்க" என்றார். அப்பா செருப்பைக் கழற்றினார். ஒரு படி ஏறிவிட்டு நின்று திரும்பி, கூட்டத்தின் பின்னால் நின்ற அம்மாவைக் கூப்பிட்டார். "தே, நீயும் வா." இரண்டு பேரும் சேர்ந்து வலது காலை உள்ளே எடுத்து வைத்தார்கள். நான் தெருவிலேயே நின்று அழுதேன். டீக்கடையில் இருந்தவர்கள் எல்லாம் பார்த்தார்கள், பார்க்கட்டும் என்று அழுதேன்.

உள்ளே அப்படி ஒன்றும் இல்லை. முழுக்க வௌவால் நாற்றம். ஊஞ்சல் பலகை ஒரு பக்கம் அறுந்து தரையில் கிடந்தது. முற்றத்தில் புல் முளைத்திருந்தது. அம்மா என் காதருகே வந்து, "இதுக்கா இந்த மனுசன் என் நகைய வித்தாரு?" என்றாள். ஆனால் அவளும் ஒவ்வொரு தூணாகத் தொட்டுக்கொண்டே நடந்தாள். படையல் முடிந்து எல்லோரும் கூடத்தில் வரிசையாக உட்கார்ந்து பொங்கல் சாப்பிட்டோம். பெங்களூர்க்காரர் மனைவி மட்டும் பசியில்லை என்று காரில் போய் உட்கார்ந்துகொண்டார். ஒரே நாளில் உலகம் மாறிவிடுமா என்ன?

அப்பா புதிதாக ஒரு பூட்டு வாங்கிப் பெரியவர் பங்குக்காகச் சங்கிலியில் கோத்து, அதன் இரண்டு சாவிகளையும் டீச்சரிடம் கொடுத்துவைத்தார். எங்கள் பித்தளைப் பூட்டு பழைய இடத்துக்கே, நடுவுக்கு வந்தது. பின்கதவுக்கு வேறு ஒரு பூட்டு போட்டார்.

தீபாவளி கழித்துப் பெரியவர் ஊர் திரும்பினார். டீச்சரிடம் தன் புதுப் பூட்டின் சாவியை வாங்கிக்கொண்டு, ஓடு பார்க்க வீட்டுக்கு வந்தார். படியேறி, சங்கிலியைக் கையில் எடுக்கப்போனவர், நடுவில் எங்கள் பூட்டைப் பார்த்துவிட்டுக் கையை எடுத்துக்கொண்டார். திட்டவில்லை. டீச்சர் மூலமாக அப்பாவிடம் பின்கதவுச் சாவி வேண்டும் என்று கேட்டனுப்பினார். அப்பா கொடுத்தார். அன்றிலிருந்து இன்றுவரை பெரியவர் அந்த வீட்டுக்குப் பின்வாசல் வழியாகத்தான் வந்து போகிறார். தன் பாட்டனார் கட்டிய வீட்டுக்கு, வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, சாக்கடையைத் தாண்டி.

எனக்கு அதைப் பார்க்கும்போது சந்தோஷமாக இருந்தது. ஏன் பொய் சொல்ல வேண்டும்? நல்லா வேணும் என்றுதான் நினைத்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்பாவைக் காணோம் என்று தேடிக்கொண்டு போனேன். சந்தில் கருவேல முள்ளை வெட்டி ஒதுக்கியிருந்தார். சாக்கடைமேல் ஒரு கடப்பைக்கல் போட்டிருந்தார். எங்கள் அறையிலிருந்து ஒயர் இழுத்துப் பின்கதவுக்கு மேல் ஒரு பல்பு மாட்டிக்கொண்டிருந்தார்.

"யாருக்கு இதெல்லாம்?" என்று கேட்டேன். தெரிந்துதான் கேட்டேன். "நம்ம பூட்டத் தொடக்கூட மனசு வராத ஆளுக்கு, நம்ம கரண்ட்ல லைட்டா? வெக்கமா இல்ல உங்களுக்கு?"

அப்பா ஸ்டூலில் நின்றபடியே பல்பை முடுக்கினார்.

"நானும் எங்கப்பனும் இந்த வழியில எத்தினி தபா வுழுந்து எழுந்திருக்கோம் தெரியுமா?" என்றார். "அவருக்குப் பழக்கமில்ல பாப்பா."